யாளிக்கு ஒரு முகம்



மங்கலம்பேட்டையிலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார். விருத்தாசலத்தில் ஒரு பீங்கான் பட்டறையில் பொம்மைகளுக்கு வண்ணம் தீட்டும் வேலை அவருக்கு. ஏழாம் வகுப்பு படிக்கும் மகள் பள்ளி ஆண்டுவிழா நாடகத்தில் யாளியாக வருகிறாளாம். ராஜா, ராணி, முனிவர் என்று எல்லாருக்கும் வாடகைக்கு உடை கிடைத்துவிட்டது. யாளிக்கு மட்டும் எந்தக் கடையிலும் ஒன்றும் இல்லை. ஒரு கடைக்காரர் சிங்க முகமூடியை எடுத்துக் காட்டி, “இதையே மாட்டிவிடுங்கம்மா, யாருக்குத் தெரியப்போகுது” என்றிருக்கிறார். மகள் ஒப்பவில்லை. “சிங்கத்துக்குத் துதிக்கை ஏது?” என்று கேட்டிருக்கிறாள். முகத்தில் எதை ஒட்டினால், எதைப் பூசினால் யாளி வரும், உங்கள் பத்திரிகையில் யாராவது எழுதக்கூடாதா என்று கேட்டுக் கடிதத்தை முடித்திருக்கிறார்.

இந்த மாத ஆசிரியர் பக்கத்துக்கு வேறு ஏதோ எழுத உட்கார்ந்திருந்தேன். அதை ஒதுக்கி வைத்துவிட்டேன். இதைவிட நல்ல விஷயம் வராது.

கடைக்காரர் பேச்சில் வியாபாரம் இருக்கிறது, இருந்துவிட்டுப் போகட்டும். ஆனால் பிள்ளை பக்கம்தான் நியாயம். யாளியை யாரும் கண்டதில்லை. இருந்தாலும் தப்பாகச் செய்தால் ஊரே கண்டுபிடித்துவிடும். இல்லாத மிருகத்துக்கும் ஒரு கணக்கு உண்டு. மதுரை ஆயிரங்கால் மண்டபத்துத் தூண்களைப் பார்த்தவர்களுக்கு அந்தக் கணக்கு தெரியும். துதிக்கையும் தந்தமும் யானையுடையவை. பிடரியும் மார்பும் பாதமும் சிங்கத்துடையவை. ஒவ்வொரு உறுப்பையும் தனியே பார்த்தால் நிஜமான மிருகத்தைக் கூர்ந்து பார்த்துச் செதுக்கியது தெரிகிறது. துதிக்கை எங்கே முடிந்து சிங்க வாய் எங்கே தொடங்குகிறது என்று தேடினால்தான் கண் தடுமாறும். சிற்பி தன் சாமர்த்தியத்தையெல்லாம் அந்த ஒட்டில் வைத்திருக்கிறான். சிங்க முக யாளி, யானை முக யாளி, குதிரை முக யாளி என்று வகைகள் இருப்பதால், மகளுக்கு எது வேண்டும் என்பதை முதலில் முடிவு செய்துகொள்ளச் சொல்லுங்கள். துதிக்கை வேண்டும் என்று அவளே கேட்டுவிட்டபடியால் யானை முகம் என்றே வைத்துக்கொண்டு மேலே எழுதுகிறேன்.

மனிதனும் மிருகமும் கலந்த உருவம் உங்கள் கடலூர்ச் சீமைக்குப் புதிதும் இல்லை. ஸ்ரீமுஷ்ணத்தில் பன்றி முகத்தோடு பூவராகர் இடுப்பில் கை வைத்து நிற்கிறார். மனிதத் தலையும் மிருக உடலுமாகப் புருஷாமிருகம் எத்தனையோ கோயில்களில் வாகனமாகவும் சிற்பமாகவும் இருக்கிறது. வேஷத்துக்கு மாதிரி தேடி இணையத்தில் டிராகன் படங்களைப் புரட்டுகிறவர்கள் ஒருநாள் சாயங்காலம் பக்கத்துக் கோயில் மண்டபத்தில் நின்று, நாலு பக்கமும் சுற்றிப் பார்த்து, பென்சிலால் வரைந்துகொண்டு வரலாம். படத்தில் முகத்தின் ஒரு பக்கம்தான் கிடைக்கும். தூணில் தாடை மடிப்பும் கழுத்துச் சுருக்கமும் கூடக் கிடைக்கும்.

சரி, முகமூடியா? முகத்திலேயே வேஷமா?

முகமூடியின் பலம் என்னவென்று தெரிய வேண்டுமானால் தஞ்சாவூர் மாவட்டத்து மெலட்டூருக்குப் போக வேண்டும். நரசிம்ம ஜெயந்தியை ஒட்டி அங்கே பாகவத மேளா நடக்கும். வேங்கடராம சாஸ்திரி தெலுங்கில் எழுதிய பிரகலாத சரித்திரத்தில் தூண் பிளந்து வரும் நரசிம்மருக்கு ஒரு முகமூடி உண்டு. கோயிலில் வைத்துப் பூஜிக்கிற முகமூடி அது. அணிகிறவர் விரதம் இருந்துதான் அணிவார். ஆவேசம் வந்தால் பிடித்துக்கொள்ளப் பக்கத்தில் ஆட்கள் நிற்பார்கள். அங்கே முகமூடி அசையாமல் இருப்பதுதான் சரி. உக்கிரம் ஒன்றே போதும், வேறு பாவம் தேவையில்லை.

பள்ளிக்கூட யாளியின் கதை வேறு. அது சிரிக்க வேண்டும், ராஜாவை அதட்ட வேண்டும், வசனம் பேச வேண்டும். முகமூடிக்குள்ளிருந்து பேசுகிற பிள்ளையின் குரல் மூன்றாவது வரிசையைத் தாண்டாது. ஆகவே வாயும் கண்ணும் அவளுடையதாகவே இருக்கட்டும். நெற்றி, மூக்கு, துதிக்கை இவற்றை மட்டும் செய்து ஒட்டி, மிச்சத்தை வண்ணத்தால் கொண்டுவருவோம்.

வண்ணத்துக்கு ஆசிரியர் தேடி நீங்கள் சென்னைக்கு வர வேண்டாம். கடலூர், விழுப்புரம், கள்ளக்குறிச்சி மாவட்டங்களில் திரௌபதி அம்மன் கோயில் இருக்கிற ஊரிலெல்லாம் பாரதக் கூத்து நடக்கிறது. ஜமா என்கிற கூத்துக் குழுவில் ஒவ்வொருவரும் தனக்குத் தானே வேஷம் போட்டுக்கொள்வார்கள். ஒரு கையில் கண்ணாடி, மறு கையில் குச்சி. முத்துவெள்ளை, செந்தூரம், மை எல்லாவற்றையும் தேங்காய் எண்ணெயில் குழைத்து வைத்திருப்பார்கள். துரியோதனனுக்குச் சிவப்பு முகம், கிருஷ்ணனுக்குப் பச்சையோ நீலமோ. ஜமாவுக்கு ஜமா கொஞ்சம் மாறும். சிவப்பின்மேல் வெள்ளைப் புள்ளிகளை வரிசையாக வைத்துப் புருவத்தைக் காது வரை இழுத்துவிட்டால், இருபது வயதுப் பையன் முகத்தில் முறுக்கு ஏறிவிடும். எண்ணெயில் குழைத்ததால் வியர்வைக்கு ஓடாது. இரவு முழுக்க ஆடி, விடிந்து சூரியன் வந்த பிறகும் வேஷம் முகத்தில்தான் இருக்கும். மேக்கப் பொருட்களின் டப்பாவில் ‘வியர்வை தாங்கும்’ என்று அச்சடித்து விற்கிறார்கள். கூத்தாடிகள் அதை அச்சடிக்காமலே செய்கிறார்கள்.

கூத்து வேஷத்தில் எனக்கு மிகவும் பிடித்தது கட்டை. கல்யாண முருங்கை மரம் எடையில்லாதது. அதில் கிரீடமும் புஜக்கட்டையும் மார்புப் பதக்கமும் செதுக்கி, கண்ணாடித் துண்டுகள் பதிப்பார்கள். இவை ஏறியதும் ஆள் அகலமாகிவிடுகிறான், தலை உயர்ந்துவிடுகிறது. மனித உடம்பின் அளவே மாறிப்போகிறது. நம் யாளிக்கும் இதே தந்திரம் பொருந்தும். முகத்தில் மட்டும் கவனம் வைத்துவிட்டு, கழுத்துக்குக் கீழே பள்ளிக்கூடப் பிள்ளையாகவே விட்டுவிடுவது பலரும் செய்கிற காரியம். தோளில் சணல் நாரால் ஒரு பிடரியைக் கட்டுங்கள். அகலம் வந்த பிறகு முகத்துக்கு வேலை பாதியாகக் குறையும்.

இன்னொன்றும் கூத்திலிருந்து எடுத்துக்கொள்ளலாம். முக்கிய வேஷம் வரும்போது இரண்டு பேர் ஒரு துணியைத் திரையாகப் பிடித்துக்கொள்வார்கள். திரைக்கு மேலே முதலில் கிரீடத்தின் முனை மட்டும் தெரியும். பிறகு கண். காலடியில் சலங்கைச் சத்தம். ஆள் முழுசாக வெளியே வருவதற்கு முன்பே கூட்டம் பாதி பயந்திருக்கும். யாளியை மேடையின் நடுவே முழு வெளிச்சத்தில் சட்டென்று நிறுத்தாதீர்கள் என்று நாடகம் போடும் ஆசிரியரிடம் சொல்லிப் பாருங்கள். முதலில் துதிக்கை மட்டும் வரட்டும்.

புரிசை கண்ணப்பத் தம்பிரான் பரம்பரையினர் காப்ரியேல் கார்சியா மார்க்கேஸ் எழுதிய, பெரிய சிறகுகளோடு வந்து விழுகிற கிழவன் கதையைக் கூத்தாக ஆடியவர்கள். கொலம்பியாக்காரர் கற்பனையில் முளைத்த சிறகு திருவண்ணாமலை மாவட்டத்துக் கூத்தாடி முதுகில் கச்சிதமாக உட்கார்ந்தது. அவர்கள் கையில் இருக்கும் வேஷ முறைக்குப் புராணம் மட்டும்தான் எல்லை என்று நினைத்தால் தப்பு.

வெளிச்சத்தைப் பற்றி ஒரு வார்த்தை. தீப்பந்தத்திலும் பிறகு காஸ் விளக்கிலும் பார்ப்பதற்காக வளர்ந்தவை இந்த வண்ணங்கள். தீயின் ஒளியில் சிவப்பும் மஞ்சளும் அதிகம், ஆகவே சிவப்பு முகம் ஜொலிக்கும். இன்று ஆண்டுவிழா மேடையில் வெள்ளை எல்இடி விளக்கைத்தான் போடுகிறார்கள். அதில் அடர் சிவப்பு மங்கி, பழுப்பாகக் கூடத் தெரியலாம். வீட்டுத் திண்ணையில் சாயங்கால வெயிலில் பார்த்துத் திருப்திப்பட்டுவிடாதீர்கள். எந்த விளக்கில் நிற்கப் போகிறாளோ அந்த விளக்கில் ஒரு தடவை நிறுத்தி, கடைசி வரிசைக்குப் போய் நின்று பாருங்கள். கிட்டே பார்க்க அருவருப்பாகத் தடித்திருக்கும் கோடுதான் அங்கிருந்து அளவாகத் தெரியும்.

இனி ஒட்டுகிற வேலைக்கு வருவோம். முகத்தின்மேல் இன்னொரு முகத்தைக் கட்டுவது சினிமாக்காரர்கள் கண்டுபிடித்தது என்று பலர் நினைக்கிறார்கள். கேரளத்துக் கதகளியில் நடிகரைத் தரையில் படுக்க வைத்து, அரிசிமாவும் சுண்ணாம்பும் சேர்ந்த பசையால் தாடையோரம் வரம்பு கட்டி, வெள்ளைச் சுட்டி எழுப்புவார்கள். அதற்கென்றே தனிக் கலைஞர் உண்டு. மணிக்கணக்கில் பிடிக்கும் வேலை. சில நடிகர்கள் அதற்குள் ஒரு தூக்கம் போட்டு எழுந்துவிடுவார்கள். எழுந்து உட்காரும்போது அவர்கள் மனிதர்கள் இல்லை.

அமெரிக்காவில் 1931இல் ‘ஃபிராங்கன்ஸ்டைன்’ படத்துக்காக ஜாக் பியர்ஸ் என்ற ஒப்பனைக் கலைஞர் போரிஸ் கார்லாஃப் நெற்றியைப் பஞ்சும் கொலோடியன் என்ற பசைத் திரவமும் கொண்டு அடுக்கடுக்காக வளர்த்தெடுத்தார். தினமும் புதிதாகக் கட்டி, தினமும் பிய்த்தெடுக்க வேண்டும். 1968இல் ‘பிளானட் ஆஃப் தி ஏப்ஸ்’ வந்தபோது அந்த முறை மாறிவிட்டது. ஜான் சேம்பர்ஸ் நுரை ரப்பரில் குரங்கு முகங்களை முன்கூட்டியே வார்த்து வைத்துக்கொண்டு ஒட்டினார். நடிகர் சிரித்தால் குரங்கும் சிரித்தது. அவருக்கு அந்த வித்தை எங்கிருந்து வந்தது என்பதுதான் என்னை நெகிழ வைத்த விஷயம். இரண்டாம் உலகப் போரில் முகம் சிதைந்து திரும்பிய வீரர்களுக்குச் செயற்கை மூக்கும் காதும் செய்து கொடுத்துக்கொண்டிருந்தவர் அவர். இழந்த மூக்கைத் திருப்பிக் கொடுத்த கை, பிறகு இல்லாத குரங்குக்கு மூக்கு செய்தது. அந்தப் படத்துக்காக அவருக்குக் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள். ஒப்பனைக்கென்று ஆண்டுதோறும் தரும் ஆஸ்கர் 1981ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான் தொடங்கியது. முதல் பரிசை வாங்கியவர், மனிதன் ஓநாயாக மாறும் படத்துக்கு வேலை செய்த ரிக் பேக்கர்.

நம் சினிமாவுக்கு இந்த வித்தை வெளியிலிருந்துதான் வந்தது. 1996இல் ‘இந்தியன்’, ‘ஔவை சண்முகி’, 2008இல் ‘தசாவதாரம்’ ஆகியவற்றில் கமல்ஹாசன் முகத்துக்கு வேலை செய்தவர் அமெரிக்கரான மைக்கேல் வெஸ்ட்மோர். 2015இல் வந்த ‘ஐ’ படத்துக்கு நியூசிலாந்தின் வேட்டா நிறுவனம் வந்தது. பெரிய வேலைகள்தான், மறுக்கவில்லை. ஆனாலும் ‘மாயா பஜார்’ கடோத்கசனாக 1957இல் வந்த எஸ்.வி. ரங்காராவுக்கு ரப்பர் எதுவும் தேவைப்படவில்லை. மீசை, ஒரு கதாயுதம், அந்த உடம்பு, அந்தச் சிரிப்பு. ‘பட்டணத்தில் பூதம்’ ஜாவர் சீதாராமனும் அப்படித்தான். மகள் யாளி மாதிரி நடக்கப் பழகாவிட்டால் எந்த வேட்டாவும் உதவாது.

இப்போது மங்கலம்பேட்டை வாசகிக்கு நான் சொல்ல நினைத்த முக்கியமான சேதி. அம்மா, அமெரிக்காவில் சேம்பர்ஸ் செய்ததும் நியூசிலாந்தில் வேட்டா செய்வதும் அடிப்படையில் உங்கள் பட்டறையில் தினமும் நடக்கிற வேலைதான்.

உங்கள் பட்டறையில் பொம்மை எப்படிப் பிறக்கிறது என்று வாசகர்களுக்காகச் சொல்கிறேன். முதலில் ஒரு மாதிரி உருவம். அதைச் சுற்றி பிளாஸ்டர் ஆஃப் பாரிஸில் மோல்டு எடுப்பார்கள். மூக்கு, காது இடறாமல் உருவம் கழன்று வரவேண்டுமே, அதற்காக மோல்டை எங்கே இரண்டாக, மூன்றாகப் பிரிப்பது என்று பார்த்து வைப்பார்கள். காய்ந்த மோல்டுக்குள் ஸ்லிப் என்கிற களிமண் குழம்பை ஊற்றுவார்கள். காய்ந்த பிளாஸ்டருக்குத் தாகம் அதிகம். குழம்பிலுள்ள தண்ணீரைச் சுவர் குடிக்க, சுவரை ஒட்டி மண் படலம் படியும். வேண்டிய கனம் வந்ததும் மிச்சக் குழம்பை வெளியே கொட்டிவிட்டால், உள்ளே கூடாக ஒரு பொம்மை நிற்கும். காய்கையில் கொஞ்சம் சுருங்குவதால் மோல்டிலிருந்து தானே விலகிவிடும்.

இனி இதே மோல்டில் களிமண் குழம்புக்குப் பதிலாக ரப்பர் பாலை ஊற்றுங்கள். அதாவது லேடெக்ஸ். கன்னியாகுமரித் தோட்டங்களில் மரத்தைக் கீறி எடுக்கிறார்களே, அதே பால், கெடாமல் இருக்க அமோனியா சேர்த்துப் பதப்படுத்தியது. பிளாஸ்டர் அதன் தண்ணீரையும் குடிக்கும். ரப்பர் சுவரில் படியும். மிச்சத்தைக் கொட்டிவிட்டால் முகமூடிக்கான தோல் தயார். ரப்பர் முகமூடித் தொழில் முழுக்க நிற்பது இந்த ஒரு குணத்தின்மேல்தான். விருத்தாசலத்தில் மோல்டு எடுக்கிறவர்களுக்கு இது கைப்பழக்கம். கூத்து ஜமாக்காரர்களுக்கு வண்ணம் கைப்பழக்கம். இரண்டு பேரும் ஒரே பேருந்தில் போகிறார்கள், ஒரே கடையில் டீ குடிக்கிறார்கள். ஒரு யாளிக்காக இவர்களைச் சந்திக்க வைத்தால் என்ன என்பதுதான் என் ஆசை. உங்களுக்கோ இரண்டு பக்கமும் வழி இருக்கிறது. பொம்மைக்குக் கண் எழுதுகிற கைக்கு முகத்தில் எழுத வராதா?

மண்ணைப் பற்றி உங்கள் பக்கத்து ஊர்களுக்கு யாரும் பாடம் எடுக்க முடியாது. பாரதக் கூத்தின் கடைசி நாளில் படுகளத்துக்காகத் தரையில் துரியோதனனை மண்ணால் மலைபோலக் கிடத்துவார்கள். ஆள் நடந்து ஏறக்கூடிய மார்பு. மீசை, விழித்த கண், வண்ணப்பூச்சு எல்லாம் அன்று ஒரு பொழுதுக்காக. பீமன் வந்து தொடையில் அடித்து முடிந்ததும் அவ்வளவு பெரிய வேலையும் மண்ணோடு மண். அந்தத் துரியோதனன் முகத்தை வைத்தவர்களிடம் யாளிக்கு நெற்றி வைக்கச் சொன்னால் ஒரு மத்தியான வேலை.

செய்முறையைச் சுருக்கமாகச் சொல்கிறேன். சினிமாவில் நடிகரின் முகத்திலேயே அச்சு எடுப்பார்கள். கடற்பாசியிலிருந்து வரும் ஆல்ஜினேட் என்ற பொடியைத் தண்ணீரில் குழைத்துப் பூசுவார்கள். பல் மருத்துவர் பல்லுக்கு அச்சு எடுக்கப் பயன்படுத்துவதும் அதைத்தான். சில நிமிடங்களில் இறுகிவிடும். மேலே மாவுக்கட்டுத் துணி சுற்றிக் கெட்டிப்படுத்திக் கழற்றுவார்கள். பிள்ளைகள் முகத்தில் இதைச் செய்ய வேண்டாம். கண்ணையும் வாயையும் மூடி மூக்குத் துவாரத்தை மட்டும் விட்டு அசையாமல் கிடப்பது பெரியவர்களுக்கே சங்கடம். நூல் வைத்து அளவு எடுங்கள். நெற்றி அகலம், இரு கண்களுக்கு இடையில், மூக்குத்தண்டின் நீளம், கன்ன எலும்பு வரைக்கும். அந்த அளவுக்குப் பட்டறையில் ஒரு முட்டை வடிவ முகத்தைப் பிளாஸ்டரில் வார்த்துக்கொண்டு அதன்மேல் களிமண்ணில் யாளியின் நெற்றியையும் துதிக்கையையும் பிடியுங்கள்.

நீளமான துதிக்கை ஆசைதான். நீளம் ஏற ஏறக் கனம் ஏறும், பசை தாங்காது, வசனம் நடுவே தொங்கும். மேல் உதட்டைத் தாண்டி இரண்டு விரல் கடை வந்து சுருண்டால் போதும். தூண் யாளிகளில் பலவற்றுக்குத் துதிக்கை சுருண்டுதான் இருக்கிறது. துதிக்கைக்குள் பஞ்சு வைத்துக்கொள்ளலாம். ஆனால் மூக்குத் துவாரத்தை எந்தக் காரணத்துக்காகவும் அடைக்கக் கூடாது.

களிமண் உருவத்துக்கு மோல்டு எடுத்து, நன்றாகக் காயவிட்டு, ரப்பர் பாலைப் பஞ்சுத் துண்டால் ஒற்றி ஒற்றிப் பூசுங்கள். நடுவில் நாலைந்து பூச்சு, ஓரத்துக்கு வர வர ஒன்றே ஒன்று. ஓரம் மெல்லிசாக இருந்தால்தான் தோலோடு கரையும். விலை கொடுத்து வாங்குகிற வேஷங்களில் பல கெடுவது இந்த ஓரத்தில்தான். காய்ந்ததும் முகப் பவுடர் தூவிக்கொண்டே உரியுங்கள், இல்லாவிட்டால் தன்னோடு தானே ஒட்டிக்கொள்ளும். உரித்ததைத் தண்ணீரில் அலசிக் காய வையுங்கள். வண்ணத்தை அடர்த்தியில் தொடங்கி வெளிர் நிறத்தில் முடியுங்கள். மடிப்புக்குள் கரும்பழுப்பு, மேட்டில் மஞ்சள். கல் யாளியாகத் தெரிய வேண்டுமா, உயிருள்ள மிருகமாகவா என்பதைப் பொறுத்துப் பளபளப்பை வையுங்கள். உயிருள்ளதென்றால் மூக்கு நுனியும் கண்ணோரமும் ஈரமாக மின்ன வேண்டும். வீட்டு ஆட்டின் மூக்கைப் பார்த்தால் எங்கே, எவ்வளவு என்று புரியும்.

ரப்பர் பால் வேண்டாம் என்பவர்கள் ஜெலட்டினும் கிளிசரினும் காய்ச்சி ஊற்றுகிற முறையைச் சொல்வார்கள். குளிரூட்டிய ஸ்டுடியோவுக்கு அது சரி. நம் ஊர்ச் சூட்டில் விளக்குக்குக் கீழே வியர்த்தால் துதிக்கை கன்னத்துக்கு இறங்கிவிடும்.

கடைசியாகக் கொஞ்சம் கண்டிப்பு. ஆசிரியர் பக்கத்தில் இதற்கும் இடம் வேண்டும்.

பிளாஸ்டர் ஆஃப் பாரிஸை நேரடியாக உடம்பில் போடாதீர்கள். ஜிப்சத்தைச் சுட்டுத் தண்ணீரை விரட்டிச் செய்த பொடி அது. திரும்பத் தண்ணீர் சேர்ந்ததும் வாங்கிய சூட்டைத் திருப்பிக் கொடுக்கும். இங்கிலாந்தில் 2007இல் பள்ளி ஓவிய வகுப்பில் கையை அச்செடுக்க ஒரு வாளிப் பிளாஸ்டருக்குள் கையை விட்ட பதினாறு வயதுப் பெண்ணுக்கு விரல்களில் பெரும்பாலானவை போய்விட்டன. மருத்துவமனை மாவுக்கட்டு மெல்லிய துணியில், அடியில் பஞ்சு வைத்து, தெரிந்தவர் போடுவது. வாளியில் கரைப்பது வேறு.

ரப்பர் பால் சிலருக்கு ஒவ்வாது. பலூன் ஊதினால் உதடு தடிக்கிற பிள்ளை என்றால் இந்தப் பக்கமே போக வேண்டாம், துணியிலும் காகிதக் கூழிலும் செய்துகொள்ளுங்கள். மற்றவர்களும் செய்த துண்டையும் ஒட்டும் பசையையும் முன்னங்கையின் உட்புறம் வைத்து ஒருநாள் பார்த்துவிட்டு முகத்துக்குப் போகலாம். திரவ ரப்பரை நேரே முகத்தில் பூசினால் புருவ முடியும் பூனை முடியும் பிடுங்கிக்கொண்டு வரும். ஒட்டுவதற்கு மேடை ஒப்பனைக்கென்று விற்கிற பசை மட்டும்தான். செருப்புக்கும் பிளாஸ்டிக்குக்கும் போடுகிற பசையைத் தொடவே கூடாது. வண்ணமும் அப்படித்தான். துணிச் சாயம், போஸ்டர் கலர், ஹோலிப் பொடி இவை எதுவும் தோலுக்காகச் செய்யப்பட்டவை இல்லை. பழைய காலத்து அரிதாரம் ஆர்சனிக் கலந்த கனிமம் என்பதையும் சொல்லிவிடுகிறேன். பரண்மேல் தாத்தாவின் நாடகப் பெட்டி கிடந்தால் அதிலுள்ள பொடிகளைப் பார்த்து ரசித்துவிட்டு மூடிவிடுங்கள். கண்ணின் நிறத்தை மாற்றும் அலங்கார லென்ஸ் பிள்ளைகளுக்குத் தேவையே இல்லை, கருவிழியில் புண் வந்தால் பார்வைக்கே ஆபத்து. கண்ணைச் சுற்றி மையால் பெரிதாக எழுதினாலே பிதுங்கின கண் கிடைத்துவிடும்.

வேஷம் கலைக்கும்போது அவசரப்படாதீர்கள். தேங்காய் எண்ணெயை ஓரத்தில் விட்டு ஊறவிட்டு, நெற்றியிலிருந்து கீழ்நோக்கி உரிக்க வேண்டும். பிறகு கடலைமாவோ மென்மையான சோப்போ. அன்று ராத்திரி முகத்துக்கு வேறு எதுவும் பூச வேண்டாம்.

மாசி அமாவாசைக்கு மேல்மலையனூரிலும் வடமாவட்டங்களின் அங்காளம்மன் கோயில்களிலும் மயானக் கொள்ளை வருகிறது. தெருவெல்லாம் காளியும் அங்காளம்மனும் நடப்பார்கள். புரட்டாசியில் தசராவுக்குக் குலசேகரப்பட்டினத்தில் காளி, குரங்கு, கரடி என்று ஊரே வேஷம் கட்டும். மகிஷாசுரன் தலை மாற்றி மாற்றி வந்து கடற்கரையில் விழுவான். அதற்கிடையில் எத்தனையோ ஊர்களில் புலிவேஷம், சூரசம்ஹாரத்துச் சிங்கமுகன், யானைமுகன். உங்கள் ஊர் வேஷங்களை ஒரு தனி இதழாகக் கொண்டுவர நினைத்திருக்கிறோம். படங்கள் அனுப்புங்கள். வேஷம் முடிந்த பிறகு எடுத்த படத்தோடு, பாதி வேஷத்தில் கண்ணாடி முன்னால் இருக்கிற படமும் வேண்டும். எந்த மரம், எந்தப் பொடி, எந்த எண்ணெய் என்று எழுதுங்கள். வேஷம் கட்டியவர் பெயரைத் தவறாமல் எழுதி அனுப்புகிறீர்கள். கட்டிவிட்டவர், மோல்டு எடுத்தவர், கட்டை செதுக்கியவர் பெயர்களையும் அவர்கள் சம்மதத்தோடு சேர்த்து எழுதுங்கள். அந்த இதழில் அவர்கள் பெயரைத்தான் முதலில் அச்சிடப்போகிறோம்.

அன்புடன்,
ஆசிரியர்